வெர்சாய்க்குத் தனியாகப் போங்கள், பிற்பகலில் போங்கள்

'வரிசையில் நிற்கவே வேண்டாம்' என்று சொல்லி விற்கிற சீட்டு எதைத் தருகிறது, எதைத் தராது என்பதை முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். பாரிஸுக்குப் பக்கத்திலுள்ள வெர்சாய் அரண்மனையில் வரிசைகள் இரண்டு. ஒன்று சீட்டு வாங்குவதற்கு. மற்றது பாதுகாப்புச் சோதனைக்கு. முன்கூட்டியே இணையத்தில் எடுத்த சீட்டு முதல் வரிசையை இல்லாமல் செய்துவிடும். இரண்டாவதில் பையைத் திறந்து காட்டத்தான் வேண்டும். கூட்டம் அலைமோதும் ஜூலை மாதக் காலை வேளையில் அந்தச் சோதனைக்கே நெடுநேரம் நிற்க நேரும்.

நான் புதுச்சேரியில் பிறந்தவள். கல்யாணமாகிப் பாரிஸுக்கு வந்து பல ஆண்டுகள் ஆகின்றன. ஊரிலிருந்து யார் வந்தாலும் ஐஃபல் கோபுரத்துக்கு அடுத்தபடியாகக் கேட்பது வெர்சாயைத்தான். அப்படி உறவினர்களோடு போய்ப் போய்ப் பழகியதில், அந்த அரண்மனையை எப்படிப் பார்க்க வேண்டும் என்று எனக்கு ஓர் உறுதியான கருத்து ஏற்பட்டிருக்கிறது.

சீட்டை அரண்மனையின் சொந்த இணையதளத்திலேயே எடுங்கள். என் நாத்தனார் மகன் சென்னையிலிருந்து கிளம்பும் முன்பே ஏதோ ஓர் இடைத்தரகு தளத்தில் நிறையப் பணம் கட்டிவிட்டு வந்தான். 'விரைவு நுழைவு' என்று பெரிதாக அச்சடித்திருந்தது. பிரித்துப் பார்த்தால் அரண்மனை எல்லோருக்கும் விற்கிற அதே நேரச் சீட்டு. அதிகப்படியாகக் கொடுத்த காசுக்கு ஒரு நிமிடம்கூட மிச்சமாகவில்லை. அரண்மனை தரும் சீட்டில் நுழைவு நேரம் குறித்திருக்கும். மூன்று மணி என்று இருந்தால், மூன்றிலிருந்து மூன்றரைக்குள் உள்ளே விட்டுவிடுவார்கள். தனியாக வருகிறவர்களுக்கு 'ஏ' வாசல், குழுக்களுக்கு 'பி' வாசல். அரண்மனை, தோட்டம், திரியானோன் மாளிகைகள் எல்லாம் சேர்ந்த சீட்டுக்கு 'பாஸ்போர்ட்' என்று பெயர். முதல் முறை போகிறவர்களுக்கு அதுதான் சரி. பதினெட்டு வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்குக் கட்டணம் கிடையாது. திங்கட்கிழமை அரண்மனைக்கு விடுமுறை. செவ்வாய்க்கிழமையைத் தவிர்ப்பது நல்லது. பாரிஸில் லூவ்ர் அருங்காட்சியகம் அன்று மூடியிருப்பதால் அந்தக் கூட்டமும் இங்கே திரும்பிவிடும்.

போவது சுலபம். ஆர்.இ.ஆர். 'சி' ரயிலில் ஏறி 'வெர்சாய் ஷாட்டோ ரிவ் கோஷ்' என்ற கடைசி நிலையத்தில் இறங்கினால் பத்து நிமிட நடை. 'சி' தடத்து ரயில்கள் எல்லாமே அங்கே போவதில்லை. நடைமேடைப் பலகையில் ஊர்ப்பெயரைப் பார்த்துவிட்டு ஏற வேண்டும்.

சுற்றுலா நிறுவனங்களோடு போகிறவர்களைப் பார்த்தால் எனக்கு மனது கஷ்டமாக இருக்கும். கொடி பிடித்தவர் முன்னால் போக, நாற்பது பேர் பின்னால் ஓடுவார்கள். எந்த அறையிலும் கண் நிலைப்பதற்கில்லை. இவ்வளவு தூரம் விமானம் ஏறி வந்து, அண்ணாந்து பார்ப்பதற்குக்கூட நேரமில்லாமல் போவது எவ்வளவு பெரிய இழப்பு! தனிச் சீட்டில் போகிறவருக்கு நுழைகிற நேரம் மட்டும்தான் கணக்கு. உள்ளே போனபின் அரண்மனை மூடும்வரை எந்த அறையில் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நிற்கலாம். அந்தச் சீட்டில் உண்மையான மதிப்பு அதற்குத்தான் என்று நான் நினைக்கிறேன்.

எல்லோரும் காலையில் அரண்மனை, மாலையில் தோட்டம் என்று போகிறார்கள். நான் அதைத் தலைகீழாக மாற்றிவிட்டேன். காலையில் தோட்டம். ஆந்த்ரே லெ நோத்ர் வகுத்த தோட்டம் அது. அதன் பெருங்கால்வாய் மட்டுமே ஒன்றரைக் கிலோமீட்டருக்கு மேல் நீளம். நண்பகலில்தான் திரியானோன் மாளிகைகளைத் திறப்பார்கள். அங்கே போய்விட்டு, மூன்று அல்லது மூன்றரை மணிச் சீட்டில் அரண்மனைக்குள் நுழைந்தால் குழுக்கள் பெரும்பாலும் பேருந்துக்குத் திரும்பிக்கொண்டிருக்கும். ஏப்ரல் முதல் அக்டோபர் வரை மாலை ஆறரை வரை அரண்மனை திறந்திருப்பதால் மூன்று மணி நேரம் முழுசாகக் கையில் இருக்கும். குளிர்காலத்தில் ஒரு மணி நேரம் முன்னதாகவே மூடிவிடுவார்கள். அப்போது இரண்டு மணிச் சீட்டு எடுங்கள். வயதானவர்களுக்குத் தோட்டத்தில் சின்ன ரயில் வண்டி ஓடுகிறது. அதற்குத் தனிக் கட்டணம். கட்டுச்சோறு கொண்டுபோகிறவர்கள் தோட்டத்துக்குள் பிரித்து உட்காரக் கூடாது. அரண்மனைக்குத் தெற்கே உள்ள சுவிஸ் ஏரிக்கரைப் புல்வெளியில் உட்காரலாம். ஏரியைப் பார்த்துக்கொண்டு புளிச்சோறு சாப்பிட்டால் அலுப்பெல்லாம் போய்விடும்.

உள்ளே போனதும் மக்கள் கண்ணாடி மண்டபத்தை நோக்கி ஓடுவார்கள். ஓடவேண்டாம். மாடியில் தேவாலயத்தை எட்டிப்பார்த்துவிட்டு நுழைகிற முதல் பெரிய கூடம் ஹெர்க்குலிஸ் மண்டபம். 1710இல் இப்போதுள்ள தேவாலயம் கட்டி முடிக்கும்வரை அந்த இடத்தில்தான் பழைய தேவாலயம் இருந்தது. சுவரில் வெரொனேசே வரைந்த பிரமாண்டமான விருந்து ஓவியம். 1664இல் வெனிஸ் குடியரசு பதினான்காம் லூயிக்குப் பரிசாகக் கொடுத்தது. மேலே, விதானம் முழுவதையும் நிறைத்து வானவெளியில் தேவர்கள். பிரான்சுவா லெமுவான் 1736இல் அதை முடித்தார். மறு ஆண்டே தற்கொலை செய்துகொண்டார். ஒருமுறை என்னோடு வந்திருந்த சித்தியிடம் இதைச் சொன்னபோது, "இவ்வளவு அழகா வரைஞ்ச கையா?" என்று கேட்டுவிட்டு மறுபடி அண்ணாந்து பார்த்தார்.

நம்மவர்கள் அந்த மண்டபத்தில் நிற்பதற்கு இன்னொரு காரணம் இருக்கிறது. 1788 ஆகஸ்ட் 10ஆம் தேதி, பதினாறாம் லூயி அங்கே அரியணையில் அமர்ந்து திப்பு சுல்தானின் தூதர்களை வரவேற்றார். முகமது தர்வேஷ் கான், அக்பர் அலி கான், முகமது உஸ்மான் கான் என்று மூன்று பேர். 1787இல் புதுச்சேரியிலிருந்து கப்பலேறி, மறு ஆண்டு ஜூனில் பிரான்சின் தெற்கே தூலோன் துறைமுகத்தில் இறங்கியவர்கள். ஆங்கிலேயரை எதிர்க்க ராணுவ உதவி கேட்டு வந்தார்கள். அவர்களைப் பார்க்கப் பாரிஸே திரண்டது. விஜே லெ பிரன் அம்மையார் தர்வேஷ் கானை ஆளுயர ஓவியமாக வரைந்தார். மரியாதைக்குக் குறைவில்லை, உதவி மட்டும் கிடைக்கவில்லை. தூதர்கள் அந்த மண்டபத்தில் வணங்கி நின்ற ஆறாம் நாள், ஆகஸ்ட் 16 அன்று, பிரான்சின் கருவூலம் தன் கடன்களை முழுதாகப் பணமாகக் கொடுக்க முடியாது என்று அறிவித்தது. தங்கமும் பளிங்கும் இழைத்த சுவர்களுக்கு நடுவே நின்றவர்களுக்கு, அந்த அரசன் கையில் காசில்லை என்று யார் சொல்லியிருப்பார்கள்?

எங்கள் குடும்பத்து ஊர்களுக்கும் வெர்சாயோடு ஒரு தொடர்பு உண்டு. என் அம்மா வில்லியனூர்க்காரர். சித்தியைக் கட்டிக்கொடுத்தது பாகூரில். 1783 செப்டம்பர் 3ஆம் தேதி வெர்சாயில் இங்கிலாந்தும் பிரான்சும் கையெழுத்திட்ட சமாதான உடன்படிக்கையில், புதுச்சேரி பிரான்சுக்குத் திரும்புகிறது. அதைச் சுற்றிய பகுதிகளாக வில்லியனூரும் பாகூரும் பெயர் சொல்லிச் சேர்க்கப்பட்டிருக்கின்றன. காரைக்காலுக்கும் நான்கு மாகாணங்கள். "நம்ம பாகூரையா எழுதியிருக்கான்? இங்கேயா?" என்று சித்தி திரும்பத் திரும்பக் கேட்டார். எங்கள் ஏரிக்கரை வயல்களை யார் ஆள்வது என்பதை முடிவு செய்த ஊர் இது என்று தெரிந்தபின், வெர்சாய் அவருக்கு வெறும் சுற்றுலா இடமாக இருக்கவில்லை. எனக்கும் அப்படித்தான்.

ஹெர்க்குலிஸ் மண்டபத்திலிருந்து வீனஸ், டயானா, மார்ஸ், மெர்க்குரி, அப்போலோ என்று தேவர்கள் பெயரிட்ட கூடங்கள் வரிசையாக வரும். அவற்றைக் கொஞ்சம் வேகமாகவே கடந்துவிடலாம். ஒரு காலத்தில் இங்கே வெள்ளியிலேயே வார்த்த மேசைகளும் விளக்குத் தண்டுகளும் இருந்தன. 1689இல் போர்ச் செலவுக்காகப் பதினான்காம் லூயி அவற்றை உருக்கிவிட்டார்.

பிற்பகலில் வரச் சொன்னதற்கு முக்கியமான காரணம் அடுத்து வருகிறது. கண்ணாடி மண்டபம் தோட்டத்தைப் பார்த்து, மேற்கு நோக்கிக் கட்டப்பட்டது. எழுபத்து மூன்று மீட்டர் நீளம். ஒரு பக்கம் பதினேழு ஜன்னல்கள். எதிர்ச்சுவரில் அவற்றுக்கு நேரெதிரே பதினேழு வளைவுகள், அவற்றில் 357 கண்ணாடிகள். வெயில் சாயச் சாய, ஜன்னல் வழியாக வருகிற ஒளி எதிர்ச்சுவரில் பட்டுக் கூடம் முழுவதும் பரவும். காலையில் வந்தால் மண்டபத்தைப் பார்க்கலாம். அதைக் கட்டிய ஜூல் ஆர்துவேன் மான்சார் எதற்காக அப்படிக் கட்டினார் என்பது மாலையில்தான் தெரியும்.

அந்தக் கண்ணாடிகளைத் தொழிலாகவும் பார்க்க வேண்டும். 1678இல் இந்த மண்டபத்தைத் தொடங்கிய காலத்தில் நல்ல கண்ணாடி என்றால் வெனிஸ்தான். அந்த ரகசியத்தை உடைக்க, அமைச்சர் கோல்பேர் 1665லேயே அரச கண்ணாடித் தொழிற்சாலை ஒன்றை ஏற்படுத்தியிருந்தார். வெனிஸ் தொழிலாளிகளை ஆசை காட்டி அழைத்துவந்தார்கள். மண்டபத்துக்கான கண்ணாடிகள் அந்தத் தொழிற்சாலையில் செய்தவை. இன்று ஸ்ரீபெரும்புதூரில் கண்ணாடி ஆலை நடத்துகிற செயின்ட் கோபேன் நிறுவனம் அதன் நேர் வாரிசு. விதானத்தில் சார்ல் லெ பிரன் வரைந்திருப்பதெல்லாம் லூயியின் வெற்றிகள். அந்தப் பெருமிதத்தின் அடியிலேயே 1871 ஜனவரி 18 அன்று, பிரான்சைத் தோற்கடித்த ஜெர்மானியர்கள் தங்கள் பேரரசைப் பிரகடனம் செய்தார்கள். அந்த அவமானத்துக்குப் பதிலாகவே 1919 ஜூன் 28 அன்று ஜெர்மனியை அதே இடத்துக்கு வரவழைத்துக் கையெழுத்து வாங்கினார்கள். முதல் உலகப் போரை முடித்த அந்த உடன்படிக்கையில் இந்தியாவின் சார்பாகக் கையெழுத்திட்டவர்கள் இருவர்: இந்தியாவுக்கான அமைச்சர் எட்வின் மாண்டேகு, பிகானேர் மகாராஜா கங்கா சிங். அந்தப் போரில் இறந்த இந்தியச் சிப்பாய்களையும், புதுச்சேரியிலிருந்து பிரெஞ்சுப் படைக்குப் போனவர்களையும் நான் அங்கே நிற்கும்போதெல்லாம் நினைத்துக்கொள்வேன்.

கண்ணாடிச் சுவருக்குப் பின்புறம் அரசரின் படுக்கையறை. 1701இல் அதை அரண்மனையின் நடுவில், சூரியன் உதிக்கிற கிழக்குத் திசையைப் பார்த்து அமைத்துக்கொண்டார் பதினான்காம் லூயி. காலையில் அவர் எழுவதே அரசவைச் சடங்கு. 1715 செப்டம்பர் 1 அன்று அந்த அறையிலேயே உயிர்விட்டார். அவர் காலத்தில் அரண்மனைக்குள் வருவதற்குச் சீட்டெல்லாம் கிடையாது. மரியாதையாக உடுத்தியிருந்தால் போதும். ஆண்கள் தொப்பியும் வாளும் அணிந்திருக்க வேண்டும், வாள் இல்லாதவர்களுக்கு வாசலில் வாடகைக்குக் கிடைக்கும். அரசர் சாப்பிடுவதைக்கூடப் பொதுமக்கள் நின்று பார்த்தார்கள்.

"அரண்மனைங்கறாங்க, சாமானே காணோமே?" என்று சில அறைகளில் நம்மவர்கள் கேட்பார்கள். நியாயமான கேள்வி. புரட்சி அரசாங்கம் 1793 ஆகஸ்டில் தொடங்கி ஏறத்தாழ ஓராண்டு அரண்மனைச் சாமான்களை ஏலம் விட்டது. பதினேழாயிரத்துக்கும் மேற்பட்ட தொகுதிகள் விலைபோயின. அவற்றில் சிலவற்றைத் தேடிப்பிடித்துத் திரும்பக் கொண்டுவரும் வேலை இன்றும் நடக்கிறது.

அரசியின் படுக்கையறையை அவசரப்படாமல் பாருங்கள். பூ வேலைப்பாடுள்ள பட்டுத்துணி லியோன் நகரத்தில் பழைய மாதிரியை வைத்து மறுபடி நெய்தது. அரச குழந்தைகள் பத்தொன்பது பேர் இந்த அறையில் பிறந்தார்கள், அதுவும் அவையோர் முன்னிலையில். பெற்றவளுக்கு அந்த நேரத்தில்கூட ஒரு மறைவு கிடையாது என்பதை நினைத்தால் எனக்குப் பொறுக்கவில்லை. 1789 அக்டோபர் 5ஆம் தேதி, ரொட்டி கேட்டுப் பாரிஸ் பெண்கள் மழையில் நடந்தே வெர்சாய்க்கு வந்தார்கள். மறுநாள் விடியற்காலையில் கூட்டம் அரசியின் அறையை நோக்கிப் பாய்ந்தது. மரி அந்துவானெத் தப்பி ஓடிய கதவு கட்டிலுக்கு இடப்பக்கம், சுவர்த்துணியோடு துணியாக இருக்கிறது. கண்ணில் படாவிட்டால் அங்கே நிற்கும் ஊழியரைக் கேளுங்கள், காட்டுவார்.

அதற்குப் பிறகு முடிசூட்டு ஓவியக் கூடமும், நூற்றிருபது மீட்டர் நீளமுள்ள போர்க்காட்சிக் கூடமும் இருக்கின்றன. லூயி பிலிப் மன்னர் 1837இல் திறந்த அருங்காட்சியகத்தின் பகுதி அந்தப் போர்க்காட்சிக் கூடம். கால் வலித்தால் அதை விட்டுவிடலாம், குறையில்லை. வெளியே போய்விட்டால் அதே சீட்டில் மறுபடி உள்ளே வர முடியாது என்பதால், கண்ணாடி மண்டபத்தை இன்னொரு தடவை பார்க்க ஆசையிருந்தால் கீழே இறங்கும் முன்பே திரும்பி நடந்துவிடுங்கள். ஆறு மணிக்கு மேல் அங்கே ஆள் குறைந்திருக்கும்.