கேஸ் நடக்கும்போது நோட்டீஸ் வந்தால்..?

ஜூன் பிறந்து சாரல் விழ ஆரம்பித்துவிட்டால், குற்றாலத்தில் பழக்கடைக்காரர் முதல் எண்ணெய் தேய்த்துவிடுபவர் வரை பலருக்கும் அந்த மூன்று மாத வருமானம்தான் வருடம் முழுவதற்கும் சாப்பாடு. அந்த நேரம் பார்த்து, 'இது அரசு புறம்போக்கு. உங்களை ஏன் வெளியேற்றக் கூடாது?' என்று தாசில்தார் அலுவலகத்திலிருந்து நோட்டீஸ் வந்தால் குடும்பமே ஆடிப்போகும். அதே இடம் தொடர்பாக தென்காசி கோர்ட்டில் ஏற்கெனவே வழக்கு இருந்தால், அக்கம்பக்கத்தில் சொல்லும் ஆறுதல் இதுதான்: "கேஸ்தான் கோர்ட்டுல நடக்குல்லா, அவங்களால ஒண்ணும் செய்ய முடியாது."

இதை நம்பி நோட்டீஸை மடித்து பீரோவில் வைப்பவர்கள்தான் கடைசியில் தவிக்கிறார்கள். வழக்கு நிலுவையில் இருப்பது வேறு, கோர்ட் தடை கொடுத்திருப்பது வேறு. தடை உத்தரவு இல்லாதவரை அதிகாரியின் கை கட்டப்படவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது?

புறம்போக்கு ஆக்கிரமிப்புகளை அகற்ற இன்றும் பயன்படுவது 1905-ம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டம். அதன் 7-வது பிரிவின்படி, வெளியேற்றும் முன் நோட்டீஸ் கொடுத்து விளக்கம் கேட்க வேண்டும். 6-வது பிரிவு வெளியேற்றும் அதிகாரத்தைத் தருகிறது. தாசில்தாரின் உத்தரவு பாதகமாக வந்தால் மேலதிகாரியிடம் அப்பீல் செய்யலாம்.

ஆனால், நிலம் யாருக்குச் சொந்தம் என்பதிலேயே உண்மையான தகராறு இருந்தால்? ஹைதராபாத்தில் உஸ்மானியா பல்கலைக்கழகத்துக்காகக் கையகப்படுத்தப்பட்ட நிலத்தில் இந்தக் கேள்வி எழுந்தது. பல்கலைக்கழகம் போட்ட சிவில் வழக்கு, காலம் கடந்துவிட்டதாகத் தோற்றது. அதன்பின் தாசில்தார் மூலம் ஆக்கிரமிப்பு நோட்டீஸ் வந்தது. 1982-ல் தும்மல கிருஷ்ணா ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. நியாயமான உரிமைத் தகராறு இருக்கும்போது அரசே ஒருதலையாக முடிவு செய்து வெளியேற்ற முடியாது, சிவில் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும் என்றது. அங்கேயும் இதே 1905-ம் ஆண்டுச் சட்டம்தான்.

என்ன செய்ய வேண்டும்?

முதலில், நோட்டீஸில் உள்ள சர்வே எண்ணும் உங்கள் வழக்கில் உள்ள சர்வே எண்ணும் ஒன்றுதானா என்று பாருங்கள். கெடுவுக்குள் எழுத்துபூர்வமாகப் பதில் கொடுங்கள். வழக்கு எண், கோர்ட், அடுத்த வாய்தா தேதி ஆகியவற்றைக் குறிப்பிட்டு, பத்திரம், பட்டா, வரி ரசீது நகல்களை இணைத்து, ஒப்புகை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து, வழக்கில் அரசு ஒரு தரப்பா என்று பாருங்கள். அண்ணன் தம்பி சண்டையில் வாங்கிய தடை தாசில்தாரைக் கட்டுப்படுத்தாது. அரசைச் சேர்க்க மனு போட்டு, இடைக்காலத் தடை கேட்க வேண்டும். அரசு மீது புதிதாக வழக்குப் போட இரண்டு மாத முன்னறிவிப்பு தேவை. அவசரமென்றால் கோர்ட்டின் அனுமதியோடு உடனே தாக்கல் செய்யலாம்.

விளக்கமே கேட்காமல் இடிக்க வந்தால், மதுரைக் கிளையில் ரிட் மனு உண்டு. ஆனால், சிவில் வழக்கு இருப்பதை மறைத்தால் அதுவே மனுவைத் தள்ளுபடி செய்யக் காரணமாகிவிடும்.

ஆற்றோரம் என்றால்...

2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம், இடிப்பதற்கு முன் குறைந்தது 15 நாள் அவகாசத்தோடு நோட்டீஸ் கட்டாயம் என்றது. ஆனால் சாலை, நடைபாதை, ஆறு, நீர்நிலை போன்ற பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டடங்களுக்கு அந்தச் சலுகை இல்லை. பேரருவித் தண்ணீர் சிற்றாறாக ஓடும் ஊரில் இது முக்கியமான விதிவிலக்கு. அருவிக்கரை எல்லோருக்கும் சொந்தம் என்பதும் நியாயம்தானே!

ஆகவே நோட்டீஸ் கைக்கு வந்த தேதியை அதன் மேலேயே எழுதி, அன்றே வக்கீலைப் பாருங்கள். கெடு அன்றிலிருந்து ஓடத் தொடங்கிவிடும். அடுத்த வாய்தா வரை அது காத்திருக்காது.