தலமரமும் அதன் காயங்களும்

தொல்காப்பியத்தின் மரபியலில் ஆசிரியர் புல்லையும் மரத்தையும் வேறு பிரித்துக் காட்டுகின்றார். புறத்தே வயிரம் உடையது புல். அகத்தே வயிரம் உடையது மரம். இவ்விலக்கணப்படி பனையும் தெங்கும் புல்லினம் ஆகும். வில்வம், வேம்பு, மருதம் முதலியன மரம் ஆகும். பனையைப் புல் என்பதா என மாணாக்கர் நகைப்பதுண்டு. ஆயினும் இப்பகுப்பின் நுட்பம், காயம் பட்டவிடத்துத் தெற்றென விளங்கும்.

தென்னையில் ஏறுவோர் வெட்டிய படிகள், அது நிற்கும் காலமெல்லாம் வெட்டியவாறே இருக்கும். வேம்பின் கிளையை வெட்டிய இடமோ, ஓரங்கள் உதடுபோல் திரண்டு சுருண்டு, ஆண்டுகள் செல்லச்செல்ல மூடிக்கொள்ளும். பட்டைக்கும் மரத்துக்கும் இடையே தாளினும் மெல்லிய ஓர் உயிர்ப்படலம் உண்டு. அதுவே உட்புறம் மரத்தையும் வெளிப்புறம் பட்டையையும் ஆண்டுதோறும் ஆக்குவது. பனைக்கும் தெங்குக்கும் அப்படலம் இல்லை. உச்சிக் குருத்து ஒன்றே அவற்றுக்கு உயிர்நிலை. அது போயின் முழுதும் போயிற்று.

வேம்பின் காயம் மூடியது கண்டு, ‘ஆறிவிட்டது’ என்கிறோம். அது பொருந்தாது. நம் உடலில் புண்பட்ட இடத்தில் புதுத்தசை வளர்கிறது. மரத்திலோ கெட்ட பகுதி ஒருநாளும் மீண்டும் நல்லதாவதில்லை. மரம் அதனைச் சுவரெழுப்பி உள்ளே அடைத்துவிட்டு, அதன்மேல் புதுமரம் வளர்க்கின்றது. அமெரிக்க வனத்துறையில் பணியாற்றிய அலெக்ஸ் ஷைகோ என்பார் ஆயிரக்கணக்கான மரங்களை நெடுக்கே அறுத்து ஆராய்ந்து, 1977ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் இதனை விளக்கினார். மேலும் கீழும் பரவும் அழுகலைத் தடுப்பது ஒரு சுவர். உள்நோக்கிச் செல்வதைத் தடுப்பது மற்றொன்று. பக்கவாட்டில் தடுப்பது மூன்றாவது. காயத்திற்குப் பின் வளரும் புதுமரத்தைக் காப்பது நான்காவது. எல்லாவற்றினும் வலியது இதுவே. முதற்சுவர் மிக மெலிந்தது. ஆதலின் அழுகல் குறுக்கே பரவுவதினும் நெடுக்கே மிகுதியாக ஓடும்.

உள்ளே பொந்து விழுந்த முதுமரம் தளிர்த்துப் பூத்து நிற்பது இதனாலேயே ஆகும். நடுவயிரம் முன்னரே உயிரற்றது. உயிர் இருப்பது வெளிவட்டத்தில். அப்பொந்தைச் சிமெண்டு கொண்டு அடைப்பது ஒருகாலத்தில் நற்பணி எனப்பட்டது. காற்றில் மரம் அசையும்; சிமெண்டு அசையாது. இடையே ஈரம் தங்கும். உள்ளே சுரண்டித் துப்புரவு செய்யப் புகுந்தாலோ, மரம் அரிதின் எழுப்பிய சுவரையே உடைத்தவர் ஆவோம். வெட்டுவாயில் தார் பூசுவதாலும் அழுகல் நிற்பதில்லை என்று ஷைகோ காட்டினார். இவ்விரண்டையும் இன்றும் நல்லெண்ணத்தோடு செய்வோர் உளர்.

கிளையைக் களைய நேரின், அது அடிமரத்தோடு சேருமிடத்தில் சற்றுப் பருத்துத் தோன்றும் வளையத்தை விட்டு, அதன் வெளியே வெட்டுதல் வேண்டும். தடுப்புச்சுவருக்கான ஆற்றல் அங்கேதான் இருக்கிறது. முதலில் அடிப்புறம் சிறிது அறுத்துக்கொள்ளாமல் மேலிருந்தே வெட்டினால், கிளை தன் பாரத்தால் முறிந்து பட்டையையும் நெடுக உரித்துக்கொண்டு விழும்.

இனி இலை. வில்வம் இலையுதிர்த்துப் பின் தளிர்க்கும் இயல்பினது. தானே உதிரும் இலைக்கு, அது விழும் முன்பே காம்படியில் தக்கைபோன்ற மூடி அமைந்துவிடும், வடு திறந்திராது. பச்சையாய்ப் பிய்க்கும் இலைக்கு அக்காப்பு இல்லை. இழுத்துப் பிய்த்தால் பட்டையும் கூடவே கிழிந்து வரும். இழந்த இலைக்கு ஈடாக, மரத்திலும் வேரிலும் சேர்த்துவைத்த மாச்சத்தைச் செலவிட்டே மரம் தளிர்விடுகிறது. ஓரிரு முறை தாங்கும். நாள்தோறும் கைக்கெட்டும் கிளை மொட்டையானால், அச்சேமிப்பு வற்றும். அருச்சனைக்கு வேண்டுவோர் கத்தரியால் சிறு கொத்தாக நறுக்குதல் நன்று.

பட்டையில் புறப்பட்டை வேறு, உட்பட்டை வேறு. மருதமரம் தன் புறப்பட்டையைத் தகடு தகடாகத் தானே உதிர்க்கும், அதனால் கேடில்லை. இலை சமைத்த உணவை வேருக்குக் கொண்டுசெல்வது உட்பட்டை. அடிமரத்தைச் சுற்றி அதனை வளையமாக நீக்கின், நீர் மரத்தின் வழியே மேலேறுவதால் இலைகள் சிலகாலம் பசுமையாகவே இருக்கும். வேர் மட்டும் பட்டினியால் மெலியும். வேண்டுதலுக்குக் கட்டும் நூற்கயிறு மழையில் இற்றுப்போகும். நைலான் கயிறும் விளக்குத்தொடர்க் கம்பியும் இற்றுப்போகா; மரம் பருக்கப்பருக்க அவை பட்டைக்குள் அழுந்தி, அவ்வளைய வெட்டின் வேலையையே செய்யும்.

மரத்தடியில் ஒட்டி ஏற்றும் அகல்விளக்கின் வெம்மையும் இத்தகையதே. உட்படலம் வெந்து மடிந்தாலும் மேற்பட்டை உடனே மாறுவதில்லை. திங்கள் பல கழித்து அது வெடித்துக் கழன்று விழும்போது, மரத்திற்கு ஏதோ நோய் என்று மருந்து தேடுவர். விளக்கு அங்கேயே எரிந்துகொண்டிருக்கும்.