ஐந்தாம் வகுப்பு படித்தவர் எடுத்த படங்கள்



'நாவலைப் படமா எடுத்தா நாவலே கெட்டுப்போயிடும்' என்பவர்கள் உண்டு. 'படம் பார்த்தாச்சு, அப்புறம் எதுக்கு நாவல்?' என்று கேட்பவர்கள் நம்ம வகுப்பிலேயே உண்டு. இந்த இரண்டு கட்சிக்கும் பதிலாக நம் சென்னையில் ஒரு எழுத்தாளர் வாழ்ந்தார். அவர்தான் ஜெயகாந்தன்.

1934-ல் கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்தார். பள்ளிப் படிப்பு ஐந்தாம் வகுப்போடு சரி. சிறுவனாகவே சென்னைக்கு வந்து, கம்யூனிஸ்ட் கட்சி அலுவலகத்தில் வளர்ந்தார். அங்கே அச்சகத்தில் கம்பாசிட்டர் வேலை பார்த்தார். கண்ணாடியில் தெரிவதுபோல் திரும்பி இருக்கும் ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, வரி வரியாக அடுக்கும் வேலை அது. நம்ம ஒர்க்‌ஷாப் பாஷையில் சொன்னால், அவர் தமிழைக் கையால் தொட்டுக் கற்றவர்!

அவர் எழுதிய 'உன்னைப்போல் ஒருவன்' சேரி மக்களின் கதை. தாய் தங்கம், மகன் சிட்டி, அவர்கள் வாழ்வில் நுழையும் கிளி ஜோசியக்காரர். பெரிய மனிதர்கள் கேலி செய்த சென்னைப் பேச்சு அதில் தலைநிமிர்ந்து நின்றது. அந்தக் கதையை வேறு யாரிடமும் கொடுக்காமல் அவரே படமாக்கி இயக்கினார். 1965-ல் வெளிவந்த அந்தப் படத்துக்கு வீணை வித்வான் சிட்டிபாபு இசையமைத்தார். தேசிய விருதுகளில் மூன்றாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்றிதழும் கிடைத்தது. (2009-ல் கமல்ஹாசன் நடித்து வந்தது வேறு கதை, பெயர் மட்டும்தான் ஒன்று.) அடுத்து 1966-ல் 'யாருக்காக அழுதான்'. ஊரையே சிரிக்க வைத்த நாகேஷுக்கு அதில் அப்பாவி ஜோசப் வேடம் கொடுத்தார்.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். 1966-ல் ஆனந்த விகடனில் அவருடைய 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதை வெளியானது. மழை மாலையில் பஸ்ஸுக்குக் காத்திருக்கும் ஒரு கல்லூரிப் பெண்ணை, காரில் வந்தவன் ஏற்றிக்கொண்டு போய்க் கெடுத்துவிடுகிறான். அழுதுகொண்டு வீடு திரும்பும் மகளின் தலையில் தண்ணீரை ஊற்றி, 'நீ சுத்தமாயிட்டே' என்ற பொருளில் தாய் பேசுகிறாள். அவ்வளவுதான் கதை. அதற்கே பலத்த எதிர்ப்பு!

ஜெயகாந்தன் சும்மா இருக்கவில்லை. 'சரி, அந்தத் தாய் தண்ணீர் ஊற்றாமல் கூச்சல் போட்டு ஊரைக் கூட்டியிருந்தால்?' என்று யோசித்தார். அதுதான் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவல். அண்ணன் கங்காவை வீட்டைவிட்டே துரத்துகிறான். பல வருஷம் கழித்து ஒரு பத்திரிகையில் தன் கதையைப்போல ஒன்றைப் படிக்கிறாள் கங்கா. அதில் தாய் தண்ணீர் ஊற்றுகிறாள்! ஒரு குடம் தண்ணீருக்கும் ஒரு கூச்சலுக்கும் நடுவில் ஒரு பெண்ணின் முழு வாழ்க்கையே மாறிவிட்டது. இந்த நாவலுக்கு 1972-ல் சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது.

1977-ல் இது படமானது. 'பாசமலர்' எடுத்த ஏ.பீம்சிங் இயக்கினார். திரைக்கதை ஜெயகாந்தனே. நாவலில் கங்காவின் மனசு பக்கம் பக்கமாகப் பேசும். கேமரா மனசுக்குள் போக முடியாது, முகத்தைத்தான் பார்க்கும். அந்தப் பாரத்தை நடிகை லட்சுமியின் முகம் சுமந்தது. சிறந்த நடிகைக்கான தேசிய விருதும் அவருக்கு வந்தது. நாவல் உள்ளே இருந்து காட்டியதைப் படம் வெளியே இருந்து காட்டியது. ஒன்று இருப்பதால் மற்றொன்று வேண்டாம் என்று சொல்ல முடியாது.

இதெல்லாம் பழங்கதை என்று நினைக்கிறீர்களா? லேப் முடிந்து லேட்டாகி, அடையாறு டெப்போவில் பஸ்ஸுக்கு நிற்கிற நம் தோழியைப் பார்த்து, 'இந்நேரத்துல இவளுக்கு என்ன வேலை?' என்று கேட்கிற வாய் இன்னும் மூடவில்லை. நாளைக்கு நம் தங்கையே அழுதுகொண்டு வந்தால், நாம் குடத்தை எடுப்போமா, கூச்சல் போடுவோமா? ஜெயகாந்தன் கேட்டது இதைத்தான்.

2002-ஆம் ஆண்டுக்கான ஞானபீட விருது பெற்ற அவர், 2015 ஏப்ரல் 8-ல் காலமானார். 'படிப்பு வாசனையே இல்லாத வீட்டிலிருந்து வந்தவன், எனக்கு எதுக்கு இலக்கியம்' என்று என்னைப்போல நினைக்கும் நண்பர்களே, கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம் பக்கத்தில்தான் இருக்கிறது. நாவலை முதலில் படியுங்கள். பிறகு படத்தைப் பாருங்கள். அப்புறம் வாங்க, கேன்டீனில் உட்கார்ந்து சண்டை போடுவோம்!