பத்துப் பேர் இல்லாத ஆலயம்

ஹௌராவில் ரயிலிறங்கி டல்ஹௌசி ஆபீசுகளுக்கு விரையும் தமிழர்கள், பிரபோர்ன் ரோடு பக்கம் ஒரு செங்கல் கோபுரத்தைத் தினமும் பார்க்கிறார்கள். உச்சியில் கடிகாரம். மாதா கோவில் என்றே பலரும் நினைப்பார்கள். அது யூதர்களின் ஜெப ஆலயம், மாகென் டேவிட். 1884-ல் எலியாஸ் டேவிட் எஸ்ரா தம் தந்தையின் நினைவாகக் கட்டியது.

1798-ல் சிரியாவின் அலெப்போவிலிருந்து வந்த ஷாலோம் கோஹனே இங்கு குடியேறிய முதல் யூதர் என்பர். பின்னாலேயே பாக்தாத்காரர்கள் வந்தார்கள். அபினி, அவுரி, பட்டு என்று வியாபாரம். பிறகு மனைகளும் மாளிகைகளும். எஸ்ரா தெருவின் பெயர் அப்படி வந்ததுதான். இரண்டாம் உலகப் போர்ச் சமயம் சுமார் ஐயாயிரம் பேர் இருந்தனர். சுதந்திரத்துக்குப் பின் லண்டன், இஸ்ரேல், ஆஸ்திரேலியா என்று போய்விட்டார்கள். மிஞ்சியவர்கள் வெகு சிலர்.

வழிகாட்டியுடன் உள்ளே போகிறவர்கள் அடையாள அட்டை காட்ட வேண்டும். ஆண்கள் தலையை மூடிக்கொள்ள வேண்டும். பளிங்குத் தரை, வண்ணக் கண்ணாடி ஜன்னல், சரவிளக்கு. 2017-ல் புதுப்பித்தபின் எல்லாம் பளபளக்கிறது. ஆனால் கூட்டு வழிபாட்டுக்குப் பத்து ஆண்கள் வேண்டும் என்பது அவர்கள் மரபு. அந்தப் பத்துப் பேர்தான் இல்லை. பெஞ்சுகளைத் துடைத்து ஆலயத்தைக் காத்து வருபவர்கள் முஸ்லிம்கள்!

பக்கத்துப் பொல்லாக் தெருவில் 1856-ல் எழுந்த பெத் எல் ஆலயத்திலும் இதே அமைதிதான்.

கூட்டத்தைப் பார்க்க வேண்டுமானால் நியூ மார்க்கெட்டுக்குப் போகவேண்டும். 1902-ல் ஒரு பாக்தாத் யூதர் தொடங்கிய நாஹூம் பேக்கரி அங்கே இருக்கிறது. கிறிஸ்துமஸ் நெருங்கினால் பழக் கேக்குக்கு வரிசை வாசலைத் தாண்டும்.