உங்களுக்குத் தெரியுமா? கம்ப்யூட்டர் அனிமேட்டர்களின் உலகம்

✦ முழுநீள அனிமேஷன் படத்தில் வேலை பார்க்கும் ஓர் அனிமேட்டர் வாரம் முழுக்க உழைத்தாலும் முடித்துக் கொடுப்பது பெரும்பாலும் சில விநாடிக் காட்சிதான். சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 ஃப்ரேம்கள். எந்த ஃப்ரேமில் புருவம் ஏற வேண்டும், எங்கே மூச்சை இழுக்க வேண்டும், எப்போது கண் சிமிட்ட வேண்டும் என்று ஒவ்வொன்றையும் ஒரு மனிதர்தான் முடிவு செய்கிறார். ‘எல்லாம் கம்ப்யூட்டரே செய்துவிடும்’ என்று நினைப்பது அவருக்குச் செய்யும் அநியாயம்.

✦ எட் கேட்மல்லுக்குச் சின்ன வயதில் டிஸ்னி அனிமேட்டர் ஆக வேண்டும் என்று ஆசை. படம் வரையும் திறமை போதாது என்று தோன்றியதால் இயற்பியலும் கம்ப்யூட்டரும் படித்தார். 1972இல் அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழகத்தில் மாணவராக இருந்தபோது, தன் இடது கையை பிளாஸ்டர் அச்சில் வார்த்து, அதன்மேல் சுமார் 350 முக்கோணங்களும் பலகோணங்களும் வரைந்து, அளந்து, கம்ப்யூட்டருக்குள் ஏற்றி அந்தக் கையை அசைய வைத்தார். அந்தக் கை 1976இல் ‘ஃப்யூச்சர்வேர்ல்ட்’ படத்தில் இடம்பெற்றது. பின்னாளில் பிக்ஸாரை நிறுவியவர்களில் ஒருவர் இவர். கணினித் துறையின் மிக உயர்ந்த விருதான டூரிங் விருதும் 2019ஆம் ஆண்டுக்கு இவரைத் தேடி வந்தது.

✦ 1982இல் வந்த ‘ட்ரான்’ படத்துக்கு அனிமேட்டர்கள் பென்சிலும் காகிதமும் வைத்துக்கொண்டுதான் வேலை செய்தார்கள். ஒரு வண்டி எங்கே நிற்கிறது, எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று சொல்ல ஃப்ரேமுக்கு 6 எண்கள் தேவை. 4 விநாடிக்கு, ஒரே ஒரு வண்டிக்கு, 576 எண்கள்! எழுதி முடித்த எண்களைப் பிறகு கம்ப்யூட்டரில் ஏற்றுவார்கள்.

✦ அந்தப் படத்தின் சோதனைக் காட்சிகளைப் பார்த்து அசந்துபோனவர்களில் டிஸ்னியில் வேலை பார்த்த ஜான் லாசெட்டர் என்ற இளைஞரும் ஒருவர். கம்ப்யூட்டரைப் பயன்படுத்திப் படமெடுக்கலாம் என்று மேலதிகாரிகளிடம் யோசனை சொன்னார். வேலை போயிற்று. கேட்மல்லின் குழுவில் போய்ச் சேர்ந்தார். 1988இல் அவர் இயக்கிய ‘டின் டாய்’ குறும்படம், ஆஸ்கர் வென்ற முதல் கம்ப்யூட்டர் அனிமேஷன் குறும்படம் ஆனது. 1995இல் வந்த ‘டாய் ஸ்டோரி’, முழுக்க முழுக்கக் கம்ப்யூட்டரில் உருவான முதல் முழுநீளப் படம். அதில் வூடி பொம்மையை அசைக்க 700க்கும் மேற்பட்ட கட்டுப்பாடுகள் இருந்தன. முகத்துக்கு மட்டுமே 200க்கும் மேல்.

✦ ‘ஜுராசிக் பார்க்’ படத்தின் டைனோசர்களுக்கு அசைவு தர முதலில் அமர்த்தப்பட்டவர் ஃபில் டிப்பெட். பொம்மைகளைக் கையால் துளித்துளியாக நகர்த்திப் படமெடுப்பதில் அவர் கெட்டிக்காரர். இடையில் ஐஎல்எம் என்ற காட்சி விளைவு நிறுவனத்தின் இளைஞர்கள் கம்ப்யூட்டரில் ஓட வைத்த டைனோசரைப் பார்த்த இயக்குநர் ஸ்பீல்பெர்க் மனம் மாறிவிட்டார். ‘நானும் அழிந்துபோன இனம்தான்’ என்ற பொருளில் டிப்பெட் நொந்து சொன்னது ஸ்பீல்பெர்க்குக்குப் பிடித்துப்போய், படத்தின் வசனத்திலேயே இடம்பிடித்தது. ஆனால் டிப்பெட்டை அவர் அனுப்பிவிடவில்லை. மவுஸ் பிடித்துப் பழகியவர்களுக்கு ஒரு மிருகம் எப்படிப் பாரம் தாங்கி நடக்கும் என்று சொல்லித்தர ஆள் வேண்டியிருந்தது. பொம்மைக் கலைஞர்களுக்காக, மூட்டுகளில் சென்சார் பொருத்திய உலோக டைனோசர் ஒன்று செய்யப்பட்டது. அதைக் கையால் அசைத்தால் கம்ப்யூட்டருக்குள் இருக்கும் டைனோசரும் அசையும். அனிமேட்டர்கள் மைம் வகுப்புக்குப் போய்த் தங்கள் உடம்பாலேயே அசைவுகளைப் பயின்றார்கள். கடைசியில் சிறந்த காட்சி விளைவுகளுக்கான ஆஸ்கர் வாங்கிய நால்வரில் டிப்பெட்டும் இருந்தார். புதுக் கருவி வந்ததும் பழைய கைத்தொழில்காரரை ஒதுக்கிவிடாமல் பக்கத்தில் உட்கார வைத்ததுதான் அந்தப் படத்தின் பெரிய வெற்றி என்பேன்.

✦ அனிமேட்டர்கள் பலரின் மேஜையில் கண்ணாடி இருக்கும். வசனத்தைத் தாங்களே பேசி, உதடு எப்படிக் குவிகிறது என்று பார்த்துக்கொள்வார்கள். காட்சி முழுவதையும் நடித்து வீடியோ எடுத்துக்கொள்கிறவர்களும் உண்டு.

✦ ‘கோச்சடையான்’ பார்த்தவர்களுக்கு மோஷன் கேப்சர் என்ற சொல் பழக்கமாகியிருக்கும்: நடிகரின் அசைவைப் பதிவு செய்து உருவத்துக்கு ஏற்றும் முறை. அந்த முறை வந்தபின் அனிமேட்டருக்கு என்ன வேலை? 2002இல் வெளியான ‘த டூ டவர்ஸ்’ படத்தில் வரும் ‘கோலம்’ என்ற பாத்திரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். உடல் அசைவில் பெரும்பகுதி நடிகர் ஆண்டி செர்கிஸிடமிருந்து பதிவானது. முகபாவங்களையோ, அவர் நடித்த வீடியோவைப் பார்த்துப் பார்த்து அனிமேட்டர்கள் கைப்பட உருவாக்கினார்கள்.

✦ புதுச்சேரியில் தொடங்கும் கதை ‘லைஃப் ஆஃப் பை’. அதன் புலி பெரும்பாலான காட்சிகளில் கம்ப்யூட்டரில் பிறந்தது. நிஜப் புலிகளின் அசைவை நுணுக்கமாகப் பார்த்துப் பார்த்து அதற்கு உயிர் கொடுத்தது ‘ரிதம் அண்ட் ஹியூஸ்’ நிறுவனம். மும்பையிலும் ஹைதராபாத்திலும் அதற்குக் கிளைகள் இருந்தன. 2013 பிப்ரவரியில் அந்த நிறுவனம் திவால் மனு கொடுத்தது. அதே மாதம் 24ஆம் தேதி அந்தப் புலிக்காக ஆஸ்கர் கிடைத்தது! அரங்குக்கு வெளியே காட்சி விளைவுக் கலைஞர்கள் ஆர்ப்பாட்டம் நடத்திக்கொண்டிருந்தார்கள். உள்ளே விருது வாங்கியவர் நிறுவனத்தின் நிலையைச் சொல்லத் தொடங்கியபோது இசையை ஒலிக்கவிட்டு, மைக்கையும் அணைத்தார்கள். இந்தத் துறையில் பலருக்குப் படத்துக்குப் படம்தான் ஒப்பந்தம். ஒன்று முடிந்தால் அடுத்தது வரும் வரை கையில் வேலை இருக்காது. தொழிலுக்கு வர நினைக்கும் பிள்ளைகளிடம் இதை மறைக்கக் கூடாது.

✦ 2018இல் வந்த ‘ஸ்பைடர்மேன்: இன்டு த ஸ்பைடர்-வெர்ஸ்’ படத்தில் ஒரு நுட்பம். காட்டில் தாவும் காட்சியில் அனுபவசாலியான பீட்டர் விநாடிக்கு 24 நிலைகளில் வழுக்கிக்கொண்டு போவார்; கற்றுக்குட்டியான மைல்ஸுக்கு 12தான். அதனாலேயே அவன் தடுமாறுவதாக நம் கண்ணுக்குப் படுகிறது.

✦ லாட்வியா நாட்டுக்காரர் கின்ட்ஸ் ஸில்பலோடிஸ். ‘அவே’ என்ற தன் முதல் முழுநீளப் படத்தைத் தனி ஆளாகவே உருவாக்கினார், இசையும் அவரே. அடுத்து ஒரு சிறு குழுவோடு ‘ஃப்ளோ’ எடுத்தார். வெள்ளத்திலிருந்து தப்பிக்கும் பூனையின் கதை, ஒரு வசனம்கூடக் கிடையாது. பெரிய ஸ்டுடியோக்களின் படங்களை முந்திக்கொண்டு 2025இல் ஆஸ்கர் வென்றது. அதை உருவாக்கிய பிளெண்டர் மென்பொருளை யார் வேண்டுமானாலும் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். உங்கள் வீட்டில் ஆர்வமுள்ள பிள்ளை இருந்தால் இந்த விடுமுறையிலேயே தொடங்கச் சொல்லுங்கள். முதலில் ஒரு பந்தைத் துள்ள வைக்கட்டும். அது ரப்பர் பந்தா இரும்புக் குண்டா என்பது பார்த்த மாத்திரத்தில் தெரிய வேண்டும். அனிமேஷன் பள்ளிகளிலும் முதல் பயிற்சி அதுதான்.