மூச்சை அளந்த திருமந்திரம்

உடலுக்குள் ஓடும் உயிராற்றலைத் தமிழில் விரிவாகப் பேசிய பழம்பெரும் நூல் திருமூலரின் திருமந்திரம். 9 தந்திரங்களும் ஏறத்தாழ 3,000 பாடல்களும் கொண்ட இது, சைவத் திருமுறைகளில் 10-ஆவது. இதன் மூன்றாம் தந்திரம் முழுக்க யோகம். மூச்சை அது மாத்திரை என்னும் கால அளவால் கணக்காகவே சொல்கிறது: இடது நாசி வழியாக 16 மாத்திரை இழுப்பது பூரகம், 64 மாத்திரை உள்ளே நிறுத்துவது கும்பகம், 32 மாத்திரை வெளியே விடுவது இரேசகம். கண்ணுக்குத் தெரியாத ஒன்றை இவ்வளவு துல்லியமாக அளந்து வைத்ததே இந்நூலின் பெருமை.

சித்தர் மரபு முழுவதும் இதன் தடம் உண்டு. 1911-இல் கூடுவாஞ்சேரியில் நெசவாளர் குடும்பத்தில் பிறந்த வேதாத்திரி மகரிஷி, அந்த மரபை எளிய பயிற்சிகளாக்கினார். 1958-இல் உலக சமுதாய சேவா சங்கத்தைத் தொடங்கினார். பொள்ளாச்சி அருகே ஆழியாறில் அறிவுத்திருக்கோயில் எழுப்பினார்.

மூச்சை நிறுத்தும் பயிற்சியை மட்டும், நேயர்களே, தேர்ந்த ஆசிரியர் முன்னிலையில் பழகுங்கள்.