வழக்கு ஆவணங்களை ஏன் அடுக்கிவைக்க வேண்டும்?

வன்கொடுமைத் தடுப்புச் சட்ட விதிகளின் 2016ஆம் ஆண்டுத் திருத்தப்படி, 60 நாள்களுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாக வேண்டும். தாமதித்தால் விசாரணை அதிகாரி எழுத்துமூலம் விளக்க வேண்டும். தீருதவித் தொகையும் வழக்கின் கட்டங்களுக்கேற்பவே வழங்கப்படுகிறது. இவற்றைக் கேட்டுப்பெற, தேதியுள்ள ஆவணம் தேவை. அதுவோ பெரும்பாலும் எவரோ ஒருவரின் வாட்ஸ்அப்பில் புதைந்துகிடக்கிறது.

வழக்குக்கு ஒரு கோப்புறை அமைப்போம். கோப்பின் பெயரை ஆண்டு, மாதம், நாள் எனத் தொடங்கினால் அவை தாமே கால வரிசையில் நிற்கும். ஸ்கேன் செய்த பக்கம் வெறும் படமே. எழுத்துணரி மென்பொருளில் இட்டால்தான் சொற்களைத் தேட இயலும். வழக்கு எண், காவல் நிலையம், சட்டப்பிரிவு, அடுத்த கெடு ஆகியவற்றை எக்செல் அட்டவணையில் பதிவோம். பாதிக்கப்பட்டோரின் பெயரைக் கோப்புப் பெயரில் தவிர்ப்போம். நகலொன்றை வேறிடத்தில் காப்போம். 61ஆம் நாள் காலையில் விளக்கம் கோரி மனு அளிக்க அந்த அட்டவணையே நமக்குத் துணை.